பரசுராமன் போட்ட கோலம்

எங்கள் மண்ணூரில் ஆண்பிள்ளையை வளர்க்கப் பெரிய படிப்பெல்லாம் தேவையில்லை. அழுதால் ஒரு அடி. அடித்ததற்கு அழுதால் இன்னொரு அடி. அதற்கு மேல் ஒரு பழமொழி: சிரிக்கிற பெண்ணையும் அழுகிற ஆணையும் நம்பாதே. இதைச் சொன்ன புண்ணியவான் யாரென்று தெரிந்தால் நாலு வார்த்தை நறுக்கென்று கேட்டிருப்பேன். பையன்கள் வளருவதைப் பற்றிப் புத்தகம் எழுதுகிறவர்கள் இருக்கிறார்களாம். அவர்களில் ஒருவராவது எங்கள் தெருவில் வந்து குடியிருந்திருக்கலாம். எதிர்வீட்டுப் பரசுராமனைப் பார்த்தாலே பாதிப் புத்தகம் எழுதியிருப்பார்.

பாண்டுரங்கனுக்கும் செங்கமலத்துக்கும் அவன் ஒரே பிள்ளை. பாண்டுரங்கன் செங்கல் சூளைக்கு லாரி ஓட்டுகிறவர். காலையில் கண்ணாடி முன்னால் நின்று மீசைக்கு எண்ணெய் தடவுகிற நேரத்தில் பாதியைப் பெண்டாட்டியோடு பேசச் செலவழித்திருந்தால் அந்த வீடு கலகலவென்று இருந்திருக்கும். அவர் கெட்டவர் என்று சொல்லமாட்டேன். அவருக்கு அவர் அப்பன் சொல்லிக்கொடுத்தது அவ்வளவுதான்.

பெண் குழந்தை இல்லாத வீடு. அதனால் செங்கமலம் கோலம் போடும்போது மாவுக் கிண்ணத்தைப் பிடித்துக்கொண்டு நிற்பது பையன் வேலை. பிடித்த கை சும்மா இருக்குமா? பள்ளிக்கூடத்தில் வாய்ப்பாடு வராதவனுக்குப் புள்ளிக் கணக்கு மட்டும் தப்பாமல் வந்தது. மூன்றாம் வகுப்புப் படிக்கும்போது ஒரு நாள் வாசல் முழுக்க அவனே சிக்குக்கோலம் போட்டுவிட்டுக் கை கால் எல்லாம் மாவோடு உட்கார்ந்திருந்தான். லாரியிலிருந்து இறங்கிய பாண்டுரங்கன் பார்த்தார். செங்கமலத்தின் பழைய தாவணியைப் பையன் மேல் சுற்றி, டீக்கடை முன்னால் கொண்டுபோய் நிறுத்தினார். “எல்லாரும் வந்து பாருங்கடா, எங்க வூட்ல பொண்ணு பொறந்துகீது!” கடையில் இருந்தவர்கள் சிரித்தார்கள். பையன் அழவில்லை. எனக்கு அதுதான் பொறுக்கவில்லை. நான் போய்த் தாவணியை உருவிக் கையைப் பிடித்து இழுத்து வந்தேன்.

அதற்குப் பிறகு அவன் வாசல் பக்கமே உட்காரவில்லை. வளர்ந்தான். மீசை வைத்தான். ஹைவேஸ் ஓரத்தில் லாரிக்கு இரும்புச் சாமான் அடிக்கிற கம்பெனியில் பிரஸ் ஆபரேட்டராகச் சேர்ந்தான். சாப்பிட்டாயா என்று கேட்டால் ‘ம்’. உடம்புக்கு என்ன என்றால் ‘ஒண்ணுமில்ல’. ஒருமுறை தகடு கிழித்து உள்ளங்கையில் தையல் போட்டுக்கொண்டு வந்தவன், அம்மாவுக்குத் தெரியக்கூடாது என்று இடது கையால் சோறு தின்றானாம். தெருவில் எல்லோரும் ‘புள்ளன்னா இதுதான் புள்ள’ என்றார்கள். எனக்கென்னவோ அவனைப் பார்த்தால் பாவமாக இருக்கும்.

அந்த மார்கழியில் செங்கமலம் அடிபம்பு அருகே வழுக்கி விழுந்து தொடை எலும்பு முறிந்தது. புத்தூர் கட்டுப் போட்டுக் கட்டிலில் படுக்கவைத்தார்கள். இது தொண்ணூற்றொன்று பிறந்த சமயம். மே மாதத்துக் குண்டுவெடிப்பில்தான் எங்கள் பக்கத்து ஸ்ரீபெரும்புதூர் பெயர் நாடெங்கும் அடிபட்டது. அதற்கு முன்னால் எங்களுக்கு இதெல்லாம்தான் பெரிய சேதி.

செங்கமலம் வலியைப் பொறுத்துக்கொண்டாள். வெறும் வாசலைத்தான் அவளால் பொறுக்க முடியவில்லை. எங்கள் பக்கத்தில் கோலம் இல்லாத வாசலுக்கு ஒரே அர்த்தம்தான்: உள்ளே சாவு விழுந்திருக்கிறது. மார்கழி மாதத்தில் தெருவே பூசணிப்பூ வைத்துச் சிரிக்கும்போது தன் வாசல் மட்டும் காய்ந்து கிடந்தால் படுத்திருக்கிறவளுக்கு எப்படி இருக்கும்?

“நா உசுரோட கீறது யாருக்கும் தெரியலடா,” என்று பிள்ளையிடம் சொல்லி அழுதாளாம்.

மறுநாள் விடியுமுன் நான் சாணி தெளிக்க வந்தபோது எதிர்வாசலில் லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு பரசுராமன் குந்தியிருந்தான். பல வருஷத்துக்கு முன் விட்ட விரல், ஒரு இழைகூட நடுங்கவில்லை. என்னைப் பார்த்ததும் திருடன் மாதிரி விழித்தான்.

“யக்கா, யாராண்டயும் சொல்லாத.”

“நான் எதுவும் பாக்கலியே,” என்று சொல்லிவிட்டு உள்ளே வந்துவிட்டேன்.

ஃபர்ஸ்ட் ஷிஃப்டுக்குக் கிளம்புமுன், தெரு எழுவதற்குள்ளேயே, தினமும் போட்டான். மயில், தாமரை, தேர் என்று தினம் ஒன்று. தெருப் பெண்கள் வந்து நின்று பார்த்து, பாண்டுரங்கன் யாரோ கூலிக்குப் பெண் வைத்திருக்கிறார் என்று முடிவு கட்டினார்கள். பாண்டுரங்கனோ வாசலைப் பார்க்காமலே தாண்டிப் போய் லாரி ஏறுகிறவர். உள்ளே செங்கமலம் அதையெல்லாம் கேட்டுக்கொண்டு முகம் மலர்ந்து கிடப்பாள்.

கூட வேலை செய்கிற சுப்பன் ஒரு நாள் சைக்கிளில் சீக்கிரமே கூப்பிட வந்து தொலைத்தான். அவ்வளவுதான். அன்றைக்கே கம்பெனியில் பரசுராமனின் மெஷினைச் சுற்றிச் சாக்பீஸில் கோலம். லைன் முழுக்க ‘பரசுராமி, பரசுராமி’ என்று கூவல். சூப்பர்வைசரும் சேர்ந்து சிரித்தாராம். சாயங்காலம் சேதி டீக்கடை வழியாகப் பாண்டுரங்கன் காதுக்கு வந்தது. தோளுக்கு மேல் வளர்ந்த பிள்ளை என்பதால் அவர் கை ஓங்கவில்லை.

“மணிமங்கலத்துல பொண்ணு பேசிக்கினு கீறோம். அவங்க காதுக்குப் போச்சுன்னா எவன்டா பொண்ணு குடுப்பான்? ஊரு சிரிக்கிறா மாதிரி பண்ணாத,” என்றார்.

பரசுராமன் மறுநாளிலிருந்து நிறுத்திவிட்டான். பின்தெரு கங்கம்மாள் வந்து கோலம் போட ஏற்பாடாயிற்று. அவள் கோலம் என்று நாலு கோடு கிழிப்பாள். செங்கமலம் பெருமூச்சு விடுவாள். ஏதோ ஒன்று வாசலில் இருந்தது.

மணிமங்கலத்துப் பெண் அமலா. பரசுராமன் அவளைக் கோயிலில் வைத்துப் பார்த்திருந்தான்; பிடித்துப்போயிருந்தது. கேட்டால் ‘ம்’ என்றுதான் சொன்னான், ஆனால் அந்த ‘ம்’ கொஞ்சம் நீளமாக இருந்தது. தை மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை பெண் வீட்டார் மாப்பிள்ளை வீடு பார்க்க வருவதாக முடிவாயிற்று. வீட்டுக்கு வெள்ளையடித்தார்கள். வாசலில் சின்னதாய்ப் பந்தல் போட்டு பெஞ்சும் நாற்காலியும் போட்டார்கள். விருந்துக்கு வாழையிலை வாங்க நான் விடியற்காலையிலேயே சுங்குவார்சத்திரத்துக்குப் பஸ் ஏறிவிட்டேன்.

அன்று கங்கம்மாள் வரவில்லை. அவள் பங்காளி வீட்டில் முந்தின நாள் சாவு. தீட்டுக்காரி அடுத்தவர் வாசலில் கோலம் போடக்கூடாது. நல்ல காரியம் நடக்கிற வீட்டுக்கு வந்து அதைச் சொல்லவும் அவளுக்கு வாய் வரவில்லை. சமைக்க வந்த பெண்கள் கொல்லைப்பக்கம் அடுப்போடு இருந்தார்கள். பாண்டுரங்கனுக்கு வாசல் நினைப்பே இல்லை. அவருக்குப் பந்தல்தான் முக்கியம். பரசுராமன் பார்த்தான். மாவு டப்பாவை எடுத்துக்கொண்டு நிலைப்படி வரைக்கும் வந்தானாம். எதிர்வரிசை டீக்கடையில் கூட்டம். உதவிக்கு வந்த சுப்பன் பெஞ்சில் உட்கார்ந்திருந்தான். டப்பாவைக் கொண்டுபோய்த் திரும்ப அடுப்படியில் வைத்துவிட்டான். கட்டிலில் இருந்து செங்கமலம் அதைப் பார்த்துக்கொண்டுதான் இருந்தாள். பிள்ளைக்குக் கல்யாணம் நடக்கவேண்டுமே என்று வாயைத் திறக்கவில்லை.

நான் இலைக்கட்டோடு தெருமுனையில் இறங்கவும் மணிமங்கலத்து வேன் வந்து நிற்கவும் சரியாக இருந்தது. பெண்ணின் அப்பா ராஜாமணி இறங்கினார். பின்னாலேயே அவர் அக்கா ஞானம்மா, பூவும் பழமுமாகத் தாம்பாளத்தோடு இறங்கினாள். இறங்கியவர்கள் அப்படியே நின்றுவிட்டார்கள்.

அவர்கள் கண்ணால் நானும் பார்த்தேன். வாசலில் கோலம் இல்லை. பந்தலின் கீழே பெஞ்சு. தோளில் துண்டோடு ஆம்பிளைகள் வரிசையாகப் பேச்சுமூச்சில்லாமல் உட்கார்ந்திருக்கிறார்கள். புது இடத்துச் சம்பந்தி என்ற பயத்தில் வந்த மௌனம் அது, பார்க்கிறவருக்குத் தெரியுமா? பாண்டுரங்கன் எழுந்து வந்தார். வாய் நிறைய வெற்றிலைச் சாறு. வாயைத் திறந்தால் வெள்ளை வேட்டி போய்விடும். ‘வாங்க’ என்று சொல்லாமல் கையை மட்டும் கூப்பித் தலையை ஆட்டினார். எங்கள் பக்கத்தில் வந்தவரை வாங்க என்று கூப்பிடாத வீடு சாவு வீடு ஒன்றுதான்.

இடுப்பு எலும்போ தொடை எலும்போ ஒடிந்து சம்பந்தியம்மா படுத்திருக்கிறாள் என்று அவர்களுக்கு ஏற்கெனவே தெரியும். ஞானம்மா தாம்பாளத்தை வேனிலேயே வைத்தாள். கொண்டையை அவிழ்த்தாள். மாரில் அடித்துக்கொண்டு ஓடிவந்தாள்.

“பொண்ணு குடுக்க வந்தேனே, பூவெடுத்து வந்தேனே, வாசப்படி மிதிக்குமுன்னே போயிட்டியே சம்பந்தியே!”

நான் ஓடி அவள் கையைப் பிடிப்பதற்குள் நாலு அடி பாடிவிட்டாள். நல்ல குரல் வேறு.

உள்ளேயிருந்து செங்கமலம் கத்தினாள். “யாருடி அது? நா இன்னும் சாவலடி!”

ஞானம்மா அவிழ்ந்த தலையோடு நின்றாள். சுப்பனுக்குச் சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டான். செங்கமலம் அழ ஆரம்பித்தாள். வேகமாக இல்லை, தேம்பித் தேம்பி. “எம் பொழப்பப் பாத்தியா. உசுரோட கீறப்பவே ஒப்பாரி கேட்டுட்டேன்.”

ராஜாமணி துண்டால் முகத்தைத் துடைத்தார். “தப்பா நெனச்சிக்காதீங்க. வாசலப் பாத்ததும் எங்களுக்கு இன்னான்னு தோணும்? நல்ல காரியத்துக்கு வந்த எடத்துல அழுவச் சத்தம் கேட்டுடுச்சு. சகுனம் சரியில்ல. அப்புறம் பாத்துக்கலாம்.”

பாண்டுரங்கன் வெற்றிலையைத் துப்பிவிட்டு வேன் பின்னாலேயே ஓடினார். மீசைக்காரர் கெஞ்சி ஓடுவதை அன்றுதான் பார்த்தேன். வேன் நிற்கவில்லை.

அவர் திரும்பி வந்தபோது பரசுராமன் வாசலில் குந்தியிருந்தான். அடுப்படியில் வைத்த டப்பா மடியில் இருந்தது. டீக்கடைக் கூட்டம் பார்க்கிறது, சுப்பன் பார்க்கிறான், அவன் யாரையும் பார்க்கவில்லை. புள்ளி வைத்துக்கொண்டிருந்தான். கண்ணீர் மூக்கு நுனிக்கு இறங்கி மண்ணில் விழுந்தது. துடைக்கவும் இல்லை.

“போனா போவட்டும் நைனா,” என்றான் தலை நிமிராமல். “ஊருக்குப் பயந்துக்கினு டப்பாவ வெச்சிட்டேன். அம்மாவ சாவடிச்சிட்டேன்.”

பாண்டுரங்கன் என்ன செய்யப்போகிறாரோ என்று நான் பந்தலுக்குக் கிட்டே போய் நின்றேன். அவர் மகனைப் பார்த்தார். திறந்திருந்த கதவு வழியாகக் கட்டிலைப் பார்த்தார். அதில் கிடந்தவள் முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். பிள்ளையை அந்த டப்பாவை வைக்கவைத்தது தன் வாய்தான் என்று அந்த மனிதருக்கு அப்போதுதான் உறைத்திருக்க வேண்டும். முகம் சுருங்கிப்போயிற்று.

வெயில் ஏறி மண் பொடிப்பொடியாகக் காய்ந்திருந்தது. காய்ந்த மண்ணில் மாவு பிடிக்கவில்லை, இழுக்கிற கோடெல்லாம் காற்றில் பறந்தது. பரசுராமன் விடாமல் மறுபடி மறுபடி இழுத்துக்கொண்டிருந்தான்.

பாண்டுரங்கன் உள்ளே போய்த் தண்ணீர்க் குடத்தைத் தூக்கிக்கொண்டு வந்தார். வேட்டியை மடித்துக் கட்டினார். அத்தனை பேர் முன்னாலும் வாசலில் குடத்தை அப்படியே சாய்த்தார். தண்ணீர் குளமாகத் தேங்கி மகனின் கால்மேல் ஓடியது.

சத்தம் கேட்டுக் கட்டிலில் அழுகை நின்றது.

“யோவ்! இன்னாயா பண்ற? அப்டியா ஊத்துவாங்க? கையில அள்ளித் தெளிய்யா!”

பாண்டுரங்கன் “சரி, சரி” என்றார். குனிந்து, குடத்துக்குள் கையை விட்டு மிச்சமிருந்த தண்ணீரை அள்ளித் தெளித்தார்.