நோன்பு காலத்துப் போன்புள்ள

எங்கள் வீட்டில், கைப்பேசிக்குள் வளர்க்கும் பிராணிக்கு ‘போன்புள்ள’ என்று பெயர். பூனையோ கோழியோ டைனோசரோ, எல்லாம் போன்புள்ளதான். பத்திரிகைக்காரர்கள் ‘எண்ணிம வளர்ப்புப் பிராணி’ என்று எழுதுகிறார்கள். அப்படிக் கூப்பிட்டால் எந்தப் பூனை திரும்பிப் பார்க்கும்? நாங்கள் அதற்குச் சோறு தீத்தி, குளிப்பாட்டி, தூங்க வைக்கிறோம். அதனால் அது புள்ள.

நோன்பு மாதத்தில் ஒரு பகல், குர்ஆன் ஓதப் போன மகள் தன் பூனையை என்னிடம் விட்டுப் போனாள். அது பசியில் அழுதது. அறைக்குள் இருந்தபடி பிஸ்கட் கொடுத்தேன். அது மென்ற சத்தத்துக்கு நெல் ஆலை தோற்றுவிடும். என் மனைவியின் தாயான மாமி கதவைத் திறந்தார். எங்கள் ஊர் வழக்கப்படி கல்யாணம் முடித்து நான் குடியிருப்பது அவர் வீட்டில்தான்.

“நோம்போட என்ன மகன் திங்கிறீங்க?”

“நானில்ல மாமி, போன்புள்ள.”

மாமி குனிந்து திரையைப் பார்த்தார். பூனை உதட்டை நக்கியது.

“சின்னப்புள்ளைக்கு நோம்பு கடமையில்லதான். ஆனா கதவச் சாத்திட்டுத் தீத்தாதீங்க. ஆக்கள் உங்களத்தான் நினைப்பாங்க. ஹோலுக்கு வாங்க.”

மறுநாள் முன்கூடத்து ஹோலில் வைத்துத் தீத்தினேன். அந்த நேரம் பார்த்துச் சம்மாந்துறையிலிருந்து சொந்தக்காரர்கள் வந்தார்கள்.

“அது எங்கட போன்புள்ள திங்கிற சத்தம். மருமகன் நோம்புதான்,” என்றார் மாமி, யாரும் கேட்காமலேயே.

வந்தவர்கள் “ஓம், ஓம்” என்று தலையாட்டினார்கள். ஒருவரும் பூனையைப் பார்க்கவில்லை. எல்லாரும் என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.