மாட்டுக்கு எந்தத் தண்ணீர்

என் அக்காவைத் திருமங்கலத்துக்குப் பக்கத்து ஊரில் கட்டிக்கொடுத்திருந்தோம். அவள் தோட்டத்தை ஒட்டி ஒரு சாயக் கம்பெனி வந்தது. கொஞ்ச காலத்திலேயே கிணற்றுத் தண்ணீர் பழுப்பாகி, வாயில் வைக்க முடியாமல் கசந்தது. ஊரே திரண்டுபோய்க் கம்பெனி வாசலில் உட்கார்ந்தது.

மேனேஜர் தன்மையான மனிதர். எல்லோரிடமும் கைகூப்பிப் பேசினார். சில மாதங்களில் ஊர் மந்தைத் திடலில் குடிநீர் சுத்திகரிக்கும் மெஷின் ஒன்றை வைத்து, மேலே கம்பெனி பெயரைப் பெரிதாக எழுதினார்கள். திறப்பு விழாவுக்கு நானும் போயிருந்தேன். முதல் டம்ளரை அக்காவிடம் கொடுத்துக் குடிக்கச் சொல்லி போட்டோ எடுத்தார்கள். குடித்து முடித்தவள் மேனேஜரிடம் கேட்டாள்.

“நாங்க இதக் குடிச்சுக்கிறோம் சார். மாட்டுக்கு எந்தத் தண்ணியக் காட்டுறது? அம்புட்டு வெள்ளாமைக்கும் எதப் பாய்ச்சுறது?”

“ஒண்ணொண்ணா பண்ணுவோம்மா” என்றார் அவர். கூட்டம் கைதட்டியது.

அதற்குப் பிறகு ஒன்றும் நடக்கவில்லை. அந்த மேனேஜர் மாற்றலாகிப் போய்விட்டார். கம்பெனிக் கழிவுநீர் ஓடையில் போய்க்கொண்டேதான் இருந்தது. அக்கா மாடுகளை விற்றாள். நிலம் தரிசாகக் கிடந்தது.

போன பொங்கல் கழிந்து அவளைப் பார்க்கப் போனபோது, அதே கம்பெனியில் துணி மடிக்கும் வேலைக்குப் போவதாகச் சொன்னாள்.

“அங்கேயாக்கா போற?” என்றேன்.

“வேற எங்க போகச் சொல்ற தம்பி? வேன் வீட்டு வாசலுக்கே வருது. குறை சொல்லக் கூடாது, நல்லாத்தான் பாத்துக்கிறாங்க.”

தெருவில் ஹாரன் சத்தம் கேட்டதும், நீல மேல்கோட்டை மாட்டிக்கொண்டு, “சாப்பிட்டுப் போ” என்று சொல்லிவிட்டு வேகமாக இறங்கிப் போனாள்.