டோலினாவின் பதினோரு மணி வண்டி

ஸ்காட்லாந்தின் ஓபன் துறைமுகத்திலிருந்து வரும் காலைக் கப்பல் எங்கள் தீவின் துறையில் ஒட்டியதும் டோலினா மெக்ஃபீ தன் வெள்ளை வண்டியின் கதவைத் திறந்துவைத்துவிட்டு, இறங்கி வருகிறவர்களின் காலணிகளைப் பார்ப்பார். மெல்லிய காலணி போட்டவர்களுக்கு முன் இருக்கை. அவர்கள் எப்படியும் ஏரிக்கரையில் இறங்கப்போவதில்லை. கனத்த பூட்ஸ் போட்டவர்களைப் பின்னால் அனுப்புவார். அவர்கள் நிறையக் கேள்வி கேட்பார்கள் என்பது அவர் கணிப்பு. பெரும்பாலும் அது சரியாகவே இருக்கும்.

தீவில் ஒரே ஒரு விஸ்கி வடிசாலை. துறையிலிருந்து அங்கே போக ஒரே ஒரு சாலை, அதுவும் ஒரு வண்டி அகலம்தான். எதிரே வண்டி வந்தால் இருவரில் ஒருவர், சாலையோரம் ஆங்காங்கே விட்டிருக்கும் ஒதுங்குமிடத்துக்குள் போக வேண்டும். டோலினா பதினோரு மணிக்குப் புறப்பட்டு, கடற்கரையையும் நீளமான ஏரியையும் காட்டி, வடிசாலையைச் சுற்றிக் காண்பித்து, மாலைக் கப்பலுக்குள் எல்லோரையும் திருப்பிக் கொண்டுவந்துவிடுவார். கோடையில் நான் வடிசாலையில் வேலை பார்த்தேன். வண்டியில் கூடப் போய், ஏரிக்கரை நிறுத்தத்தில் ஆளுக்கு ஒரு மிடறு விஸ்கி ஊற்றிக் கொடுப்பது என் பொறுப்பு.

டோலினாவுக்கு ஐம்பத்தாறு வயது. கணவர் இறந்துவிட்டார். பிள்ளைகள் இல்லை. வடிசாலைக்குள் அழைத்துப்போகும்போது அவர் அலங்காரமாக எதுவும் பேசமாட்டார். முளைவிட்ட பார்லியைச் சதுப்பில் வெட்டியெடுத்த எரிமண்ணின் புகையில் காயவைப்பது, அரைப்பது, வெந்நீரில் ஊறவைப்பது, புளிக்கவிடுவது, செம்புக் கொப்பரையில் காய்ச்சுவது எல்லாவற்றையும் சமையல் குறிப்பு சொல்வதுபோல் சொல்வார். பீப்பாய்க் கிடங்கில் மூக்கை உறிஞ்சிக்கொண்டு நிற்பவர்களிடம், "வெண்ணிலா, ஆப்பிள்னு புஸ்தகத்துல எழுதியிருக்கும். எனக்கு ஈரச்சுவர் வாசனைதான் வருது. உங்களுக்கு என்ன வருதோ அதை வெச்சுக்குங்க" என்பார். இதைக் கேட்டு யாரும் கோபித்துக்கொண்டதில்லை.

வண்டி கிளம்பும்போது ஒரு பாடம் நடத்துவார். "எதிர்ல யார் வந்தாலும் இந்த ஊர்ல ஒரு விரல் தூக்கணும். ஸ்டியரிங்லேருந்து கையை எடுக்க வேணாம், ஆள்காட்டி விரல் மட்டும் போதும். தெரிஞ்சவங்க தெரியாதவங்க வித்தியாசம் கெடையாது. ரெண்டு விரலைத் தூக்கிடாதீங்க, இங்க அது கெட்ட வசவு, அப்புறம் நான் போய் சமாதானம் பேசணும்." விருந்தினர்கள் ஐந்து நிமிடத்தில் பழகிவிடுவார்கள். தபால் வண்டி, பாதிரியார், பால்காரர் என்று எல்லாருக்கும் வண்டி முழுக்க விரல்கள் எழும்.

ஒருவருக்கு மட்டும் டோலினாவின் விரல் எழாது. அவருடைய தம்பி லாக்லன்.

லாக்லனின் நிலம் துறைக்கும் வடிசாலைக்கும் நடுவே இருக்கிறது. மாடு வளர்ப்பவர். வடிசாலையில் சாறு இறக்கிய பின் மிஞ்சும் பார்லிச் சக்கைதான் அவர் மாடுகளுக்குத் தீனி. தினமும் காலையில் டிராக்டரில் ஒரு டிரெய்லரைக் கட்டி இழுத்துவந்து அள்ளிக்கொண்டு போவார். அதனால் டோலினா துறையை விட்டுக் கிளம்பும் முன் வடிசாலைக்குப் போன் போட்டு, "சக்கை போயிடுச்சா?" என்று ஒரு கேள்வி கேட்பார். "போயிடுச்சு" என்று பதில் வந்த பிறகுதான் வண்டி நகரும். அவர் எதைக் கேட்கிறார் என்பது அங்கே எல்லாருக்கும் தெரியும். யாரும் சிரிப்பதில்லை. அது ஒரு நேர அட்டவணை மாதிரி ஆகிவிட்டது.

சண்டைக்குக் காரணம் ஒரு நாய். லாக்லனின் நாய் டோலினாவின் சினை ஆடுகளை விரட்டி, பாறை விளிம்பிலிருந்து கடலில் விழவைத்தது. டோலினா கண்ணால் பார்த்தார். போலீஸ்காரரிடம் போய்ச் சொன்னார். நாயைச் சுட வேண்டியதாயிற்று. எங்கள் தீவில் ஆடு செத்தாலும் வேலி உடைந்தாலும் ஆட்கள் நேரில்தான் பேசிக்கொள்வார்கள். சொந்தத் தம்பி மேல் போலீஸில் சொன்னது நாயை விடப் பெரிய விஷயமாகிவிட்டது. பல வருடங்கள் ஆகியும் தேவாலயத்தில் இருவரும் எதிரெதிர்ப் பக்க இருக்கைகளில்தான் உட்கார்ந்தார்கள்.

செப்டம்பர் தொடக்கத்தில் ஒருநாள், நான் கண்ணாடிக் கோப்பைகளைக் கழுவிக்கொண்டிருந்தபோது மேலாளர் கெர் வந்து டோலினாவின் எதிரே உட்கார்ந்தார். கடலுக்கு அந்தப் பக்க மெயின்லாண்டுக்காரர், பேச்சில் மரியாதை குறையாதவர்.

"டோலினா, வர்றவங்க எல்லாம் தண்ணி எங்கேருந்து வருதுன்னு கேக்கறாங்க. நாம குழாயைக் காட்டறோம்."

"நல்ல குழாய்தானே."

"தண்ணி சுரக்கற ஊத்தைக் காட்டணும். அது உங்க தம்பி நெலத்துல இருக்கு. தண்ணி எடுக்க நமக்கு உரிமை இருக்கு, டூர் ஆளுங்களைக் கூட்டிட்டுப் போக அவர் சம்மதம் சொல்லணும். நான் போய்க் கேட்டேன். கூட்டிட்டு வர்றவ யாரோ அவ வந்து கேக்கட்டும்னுட்டாரு."

டோலினா வண்டிச் சாவியைக் கையில் எடுத்தார். கெர் தொடர்ந்தார்.

"க்ளாஸ்கோ கம்பெனி ஒண்ணு அடுத்த சீசன்லேருந்து பூரா டூரையும் எடுத்துக்கறேங்குது. அவங்களே வண்டி, அவங்களே ஆள். ஊத்து வரைக்கும் நடை இருந்தா உங்களையே வெச்சுக்கலாம்னு தலைமை ஆபீஸ்ல சொல்லுவேன். இல்லேன்னா எனக்குச் சொல்ல ஒண்ணும் இல்ல. இந்த மாசக் கடைசிக்குள்ள தெரியணும்."

"சரி" என்று டோலினா எழுந்துபோய் வண்டிக் கண்ணாடியைத் துடைத்தார். அந்த வண்டி போய்விட்டால் அவருக்கு மிஞ்சுவது கொஞ்சம் ஆடுகளும் நீண்ட குளிர்காலமும்தான். இது எனக்குத் தெரிந்தது, வடிசாலையில் எல்லாருக்கும் தெரிந்தது. மறுநாளும் அவர் வழக்கம்போல் போன் போட்டு, சக்கை போயிடுச்சா என்றுதான் கேட்டார். மாதம் பாதி கடந்தது.

அதற்கடுத்த வியாழக்கிழமை போனில் போயிடுச்சு என்றுதான் பதில் வந்தது. லாக்லன் நேரத்துக்குக் கிளம்பியும் விட்டார். ஆனால் வழியில் டிரெய்லர் டயர் ஒன்று காற்றிறங்கி, அதை மாற்றுவதற்குள் நேரமாகிவிட்டது. ஏரியோரத்தில் வளைவு திரும்பியதும் டிராக்டர் எதிரே வந்து நின்றது.

டோலினாவின் வண்டிக்குச் சற்றுப் பின்னால்தான் ஒதுங்குமிடம். லாக்லனுக்குப் பின்னால் வளைவும் பள்ளமும். தவிர, பாரம் ஏற்றி டிரெய்லர் இழுப்பவரைப் பின்னால் போகச் சொல்வது எங்கள் ஊரில் வழக்கமில்லை. பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்குக்கூட யார் ஒதுங்க வேண்டும் என்று தெரிந்திருக்கும்.

டோலினா எஞ்சினை நிறுத்தினார். எதிரே லாக்லனும் நிறுத்தினார்.

"எடது பக்கம் ஏரி" என்றார் டோலினா ஒலிவாங்கியில். "நீர்நாய் உண்டு. இன்னிக்கு இல்ல."

எல்லோரும் இடது பக்கம் பார்த்தார்கள். ஹெதர் புதர்கள் ஊதாவாகப் பூத்துக் கிடந்தன, தண்ணீர் அசையாமல் இருந்தது. வலது பக்கம் மலையைப் பற்றியும் சொன்னார். அப்புறம் பார்லியைப் பற்றி இரண்டாம் முறையாகச் சொன்னார். லாக்லன் ஒரு செய்தித்தாளை எடுத்து விரித்தார்.

யார்க்ஷயரிலிருந்து வந்திருந்த ஜாய்ஸ் என்ற அம்மாள் கேட்டார். "அந்த டிராக்டரும் டூர்ல சேர்த்திதானா?"

"இல்ல. அது காசு குடுக்காம வேடிக்கை பாக்கறது."

"நாம பின்னாடி போகலாமே, எடம் இருக்கே" என்றார் பின் இருக்கையில் இருந்த ஜெர்மானியர் ஊவே.

"இருக்கு" என்றார் டோலினா. நகரவில்லை.

என்ன செய்வதென்று தெரியாமல் ஜாய்ஸ் தாம் கற்றுக்கொண்டதைச் செய்தார். முன் கண்ணாடி வழியே டிராக்டரைப் பார்த்து ஆள்காட்டி விரலைத் தூக்கினார். அவரைப் பார்த்து ஊவேயும், பிறகு மற்றவர்களும். தூங்கிக்கொண்டிருந்த ஜாய்ஸின் கணவரையும் அவர் இடித்து எழுப்பித் தூக்கவைத்தார். லாக்லன் செய்தித்தாளைத் தாழ்த்தினார். வெளியூர்க்காரர்கள் வணக்கம் சொல்லும்போது சும்மா இருக்க அவருக்கு வளர்ப்பு இடம் கொடுக்கவில்லை. விரலைத் தூக்கினார்.

தன் வண்டியைப் பார்த்து ஒருவர் விரல் தூக்கிய பிறகும் வழியை மறித்து நிற்க டோலினாவுக்கும் முடியவில்லை. எஞ்சினைப் போட்டுப் பின்னால் போய் நேராக ஒதுங்கினார். டிராக்டர் உறுமிக்கொண்டு வந்தது. எங்கள் பக்கம் வந்ததும் நின்றது. இரண்டு சன்னல்களும் திறந்திருந்தன. லாக்லன் எங்கள் தீவின் பழைய மொழியான கேலிக்கில் பேசினார், டோலினாவைப் பார்க்காமல் ஏரியைப் பார்த்துக்கொண்டு.

"விரலைத் தூக்குனது அவங்களுக்கு."

"தெரியும். பாத்தேன்."

"உனக்குன்னு ஊர்ல சொல்லித் திரியாத, டிரைவரம்மா."

"சொல்லல." டோலினா கியரில் கை வைத்தார். பிறகு எடுத்தார். "ஊத்துக்கு ஆளுங்களைக் கூட்டிட்டுப் போகணுமாம்."

"யாருக்குப் போகணுமாம்?"

"கெருக்கு."

"அப்ப கெர் கேக்கட்டும்."

"கேட்டாரே. நீ சம்மதம் குடுக்கலையே."

"குடுக்கல."

"சரி, எனக்குத்தான் போகணும். இல்லேன்னா வண்டி க்ளாஸ்கோகாரங்களுக்குப் போயிடும். போதுமா?"

லாக்லன் முதல்முறையாக அக்காவின் முகத்தைப் பார்த்தார். "அன்னிக்கு போலீஸ்காரன்கிட்ட போனியே, நேரா என்கிட்ட வந்திருக்கலாம்ல."

"வந்தேன். கதவைத் தொறக்கல நீ."

"எப்ப வந்த?"

"ஆடு விழுந்த அன்னிக்கு சாயங்காலம். தட்டினேன். ரெண்டு தடவை தட்டினேன். உள்ள லைட் எரிஞ்சுது."

எங்கள் தீவில் கதவைத் தட்டுபவர்கள் கிடையாது. கதவைத் திறந்து உள்ளே வந்து, பிறகுதான் பேச ஆரம்பிப்பார்கள். தட்டினால் அது வெளியூர் ஆள், அதுவும் ஏதாவது வசூலுக்கு வந்தவர்.

"தட்டினியா?" என்றார் லாக்லன்.

"தட்டினேன்."

"அது நீயா? டிவி லைசென்ஸ் காசு வசூலுக்கு வந்தவன்னு நெனச்சு சோஃபாவுக்குப் பின்னாடி படுத்துக்கிட்டேன். முதுகு பிடிச்சுக்கிச்சு."

டோலினா சிரிக்கவில்லை. "கோவமா இருந்தேன்."

"கோவம்னா கதவை ஒதைச்சுட்டு உள்ள வந்து திட்டணும். அம்மா இருந்த வீடு அது. அதுல வந்து தட்டுறியே, பேங்க் மேனேஜர் மாதிரி."

"ஆமா, தட்டியிருக்கக் கூடாது." என்றார் டோலினா. "ஆனா நாய் செஞ்சது செஞ்சதுதான். அதை நான் மாத்திச் சொல்லமாட்டேன்."

"மாத்தச் சொல்லலையே. அது கெட்ட நாய்தான். இருந்தாலும் என் நாய்."

பின்னால் ஒரு வண்டி வந்து நின்றது. தபால்காரர். அவர் ஹாரன் அடிக்கவில்லை. தலையை வெளியே நீட்டிப் பார்த்துவிட்டு உள்ளே இழுத்துக்கொண்டார்.

"அப்ப கேளு" என்றார் லாக்லன்.

"என்னத்த?"

"ஊத்தைப் பத்தி. இதுவரைக்கும் நீ சொன்ன. கேக்கல."

டோலினா ஸ்டியரிங்கை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார். "லாக்லன், ஆளுங்களை உன் நெலம் வழியா ஊத்துக்குக் கூட்டிட்டுப் போகலாமா?"

"கன்னுக்குட்டி இருக்கற பக்கம் போகக் கூடாது. வர்றவங்க நாய் கொண்டாரக் கூடாது. கேட்டை மூடிட்டுப் போகணும்."

"மூடுவோம்."

"வாரத்துல மூணு நாள்."

"அஞ்சு நாள். வண்டி அஞ்சு நாள் ஓடுது."

"சரி, அஞ்சு. ஞாயித்துக்கிழமை கெடையாது."

"ஞாயித்துக்கிழமை நான் எப்பய்யா வண்டி ஓட்டினேன்?"

டிராக்டர் நகர்ந்தது. சக்கையின் புளித்த வாசனை எங்கள் சன்னல் வழியே வந்து, கடந்து போனது. ஜாய்ஸ் என் பக்கம் குனிந்தார். "அவங்க என்ன பேசிக்கிட்டாங்க?"

"வானிலையைப் பத்தி."

"இவ்வளவு நேரமாவா?"

"இங்க வானிலை கொஞ்சம் ஜாஸ்தி" என்றேன். அன்று வடிசாலைக்குத் தாமதமாகப் போய்ச் சேர்ந்தோம். டோலினா நேரே கெரின் அறைக்குப் போய், அஞ்சு நாள், ஞாயிறு இல்லை, நாய் கூடாது என்று மூன்று செய்தி மட்டும் சொல்லிவிட்டுத் திரும்பி வந்தார். கெர் அன்று மாலையே தலைமை அலுவலகத்தில் பேசினார். க்ளாஸ்கோ கம்பெனிக்கு வேண்டாம் என்று பதில் போனது.

அடுத்த வாரம் முதல் நடை. பத்துப் பன்னிரண்டு பேர் சதுப்பில் வரிசையாக ஏறினார்கள். மெல்லிய காலணிக்காரர்கள் வண்டியிலேயே இருந்துவிட்டார்கள். ஊற்று என்பது பெரணிக்கு நடுவே ஒரு சின்னக் குழி. அடியில் மணல் லேசாகக் கொதிப்பதுபோல் அசைந்துகொண்டிருந்தது. ஒருவர் படம் எடுத்துவிட்டு, "இவ்வளவுதானா?" என்றார்.

"இவ்வளவுதான். மிச்சமெல்லாம் பீப்பாய்ல நடக்கறது" என்றார் டோலினா.

அப்போது லாக்லன் தோளில் இரண்டு பலகையோடு மேலேறி வந்தார். பூட்ஸ்கள் மிதித்து ஊற்றின் கரை சரியும் என்றார். பலகையைக் கிழக்கே போட வேண்டும் என்றார். டோலினா மேற்கே என்றார், கிழக்கே போட்டால் நிழல் தண்ணீரில் விழுந்து ஒன்றும் தெரியாது. கிழக்கேதான் தரை கெட்டி என்றார் லாக்லன். உனக்குத் தரையைப் பற்றி என்ன தெரியும், பண்ணை வரைபடத்தைத் தலைகீழாகப் பிடித்தவன்தானே நீ என்றார் டோலினா. அது அவர்கள் சின்னப் பிள்ளைகளாக இருந்தபோது நடந்த ஏதோ ஒன்று. லாக்லன் அதற்குப் பதிலாக டோலினாவின் கல்யாணத்தில் நடந்த ஒன்றை எடுத்தார். குரல்கள் ஏறின. விருந்தினர்கள் மரியாதையாகத் தள்ளி நின்று மலையைப் பார்த்தார்கள். நான் கோப்பைகளைத் துடைத்து, ஒவ்வொன்றிலும் கொஞ்சம் ஊற்ற ஆரம்பித்தேன். மாலைக் கப்பலுக்கு இன்னும் நிறைய நேரம் இருந்தது.