தட்டை வழித்த மாப்பிள்ளை

பிற்பாடு வங்காளப் படங்களுக்கெல்லாம் நகைச்சுவை எழுதினேன். பெரிய நடிகர்கள் கார் அனுப்பிக் கூப்பிட்டார்கள். நானே சொல்லிக்கொண்டால் தற்பெருமை என்பீர்கள், தற்பெருமைதான், இருக்கட்டுமே. ஆனால் என் பெரிய வெற்றி எதுவென்று கேட்டால், கல்கத்தாவுக்கு டெலிவிஷன் வந்த புதிதில் எழுதிய ஒரு குட்டி நாடகத்தைத்தான் சொல்வேன்.

அப்போது நான் ஹவுராவில் ரயில்வே குமாஸ்தா. பிறந்து வளர்ந்ததும் அங்கேதான். தமிழைவிட வங்காளம் சரளமாக வரும். இருந்தும், நாடகத்தைக் கொண்டுபோய் நீட்டியபோது டெலிவிஷன் நிலையத் தயாரிப்பாளர் என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"மெட்ராஸி எழுதி வங்காளி சிரிக்கணுமா? ஒரு தடவை போட்டுப் பார்க்கிறேன். எடுபடலேன்னா அடுத்த வாரத்திலேருந்து அந்த நேரத்துக்குப் பாட்டுக் கச்சேரிதான்."

எனக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது.

கதை, வங்காளிப் பெண்ணைக் கட்டிய என் அண்ணா பட்ட பாடு. ஜமாய் சஷ்டி என்று மாப்பிள்ளைக்கு விருந்து வைப்பார்கள். போட்டதை வீணாக்கக் கூடாது என்று வளர்ந்த அண்ணா, தட்டைச் சுத்தமாக வழித்துவிட்டார். காலித் தட்டைப் பார்த்த மாமியார், பிள்ளைக்கு இன்னும் பசி அடங்கவில்லை என்று மறுபடி நிரப்பினார். மரியாதைக்காக இவர் வழிக்க, மரியாதைக்காக அவர் நிரப்ப, கடைசியில் அண்ணாவைக் கைத்தாங்கலாகத்தான் எழுப்பினார்கள்.

படப்பிடிப்பில் ஒருவரும் சிரிக்கவில்லை. சத்தம் பதிவாகிவிடும் என்று எல்லோரும் வாயை இறுக்கிக்கொண்டிருந்ததைப் பிறகுதான் சொன்னார்கள். அன்றைக்கு, தொலைந்தேன் என்றே வீடு திரும்பினேன்.

கல்கத்தாவின் பெஹாலாவில் நாங்கள் குடியிருந்த சந்திலேயே டி.வி. வைத்திருந்தவள் கீழ்வீட்டுக்காரிதான். அண்ணி முறையில் பௌதி என்று கூப்பிடுவோம். ஒளிபரப்பு அன்று சந்து முழுக்க அவள் வீட்டில். எழுதியது நான் என்று யாருக்கும் சொல்லவில்லை. மனைவியை மட்டும் உள்ளே அனுப்பிவிட்டு மாடிப்படியில் நின்றேன்.

முதல் தட்டு காலியானது. சத்தமே இல்லை. இரண்டாவது தட்டுக்கு யாரோ களுக்கென்று சிரித்தார்கள். மூன்றாவதையும் மாப்பிள்ளை வழிக்க ஆரம்பித்ததும் பௌதி டி.வி.யைப் பார்த்தே கத்தினாள்: "அட மண்டு, கொஞ்சம் மிச்சம் வையேன்டா!"

அதற்கப்புறம் வசனம் காதில் விழவில்லை. அவ்வளவு சிரிப்பு. ஜன்னலுக்கு வெளியே நின்றவர்கள் ஒருவர் மேல் ஒருவர் சாய்ந்து சிரித்தார்கள். படியில் தனியாக நின்றுகொண்டு நான் அழுதேன். சந்தோஷம் தாங்கவில்லை.

கடைசியில் என் பெயர் திரையில் வந்தது. "எங்க வீட்டுக்காரர்தான்!" என்று மனைவி போட்ட கூச்சல் எனக்கே கேட்டது. மொத்தக் கூட்டமும் படிக்கு ஓடி வந்தது. பௌதி என் காதைப் பிடித்துத் திருகி, "எங்க மாமியாருங்களையா கிண்டல் பண்றே?" என்று மறுபடி சிரித்தாள்.

மறுநாள் ஆபீஸுக்குத் தயாரிப்பாளர் போன் செய்தார்.

"கச்சேரிக்காரங்களை வேண்டாம்னு சொல்லிட்டேன். அடுத்த வாரத்துக்கு என்ன வச்சிருக்கீங்க?"

ஒரு வரிகூட வைத்திருக்கவில்லை.

"ரெடியா இருக்கு சார்" என்றேன்.