மூன்றாவது ஓட்டைக்குப் பின்னால் கம்பி இல்லை

கொரட்டூரில் வாடகைக்கு இருந்தபோது நடந்தது. தோழி வீட்டில் குடித்த கோல்டு காபியை அன்றைக்கே செய்து பார்த்துவிட வேண்டும் என்று எனக்கு ஒரே வேகம். ஆறிய டிகாக்‌ஷன், பால், ரோஸ் சிரப், ஐஸ் எல்லாவற்றையும் மிக்ஸியில் போட்டு ஓட விட்டேன். ஜார் குதித்தது. "மிக்ஸியை அழுத்திப் பிடிடி" என்றேன் தங்கையிடம். எங்களுடையது இரும்பு பாடி வைத்த பழைய மிக்ஸி. ஜார் வேர்த்து மிக்ஸிக்குள் தண்ணீர் இறங்கியதை நான் கவனிக்கவில்லை. பிடித்தவளின் கை ஒட்டிக்கொண்டது, குரலே வரவில்லை. நல்லவேளை, சுவிட்சுப் பக்கத்தில் நின்றிருந்தேன். உடனே அணைத்துவிட்டேன்.

மூணு பின் பிளக்தானே, எப்படி ஷாக் அடித்தது? எலக்ட்ரீஷியன் சுவிட்ச்போர்டு பிளேட்டைக் கழற்றிக் காட்டினார். கசிகிற கரண்டைத் தரைக்குள் இறக்க வேண்டிய எர்த் ஓட்டைக்குப் பின்னால் கம்பியே இல்லை. வீடு முழுக்க அப்படித்தான்.

வீட்டுக்காரரிடம் கேட்டால் சிரிக்கிறார். "மூணு ஓட்டை கீதேம்மா. காப்பிய சூடா குடிக்காம ஐஸ் போட்டு அரைச்சா ஷாக் அடிக்காம இன்னா பண்ணும்?" உள்ளே ஒன்றுமில்லாமல் வெளியே ஓட்டை மட்டும் வைப்பது யாரை ஏமாற்ற?

ஓடுகிற மிக்ஸியைப் பிடிக்கச் சொன்னது என் தப்பு. இப்போது ஐஸைத் துணியில் சுற்றி நுணுக்கிய பிறகுதான் போடுகிறேன். அடுத்த வீடு பார்க்கப் போனபோது எலக்ட்ரீஷியனையும் கூட்டிப்போனேன். எர்த் இருக்கிறது என்று அவர் சொன்ன பிறகுதான் அம்மாவைச் சமையலறைக்குள் விட்டேன். "பொண்ணு ஒரு மாதிரி" என்றாராம் அந்த வீட்டுக்காரர். சொல்லிக்கொள்ளட்டும்.