எண்ணூரில் என் மகன் செத்த நாள்

மதியம் இரண்டு மணிக்கு, மாதா கோயிலில் ஒரு மெழுகுவர்த்தி ஏற்றிவிட்டு ராயபுரத்தில் ரயிலேறினேன். எண்ணூருக்கு டிக்கெட் ஐந்து ரூபாய். திருவொற்றியூர் தாண்டினால் கம்பெனிப் புகை நெடி தொண்டையைப் பிடிக்கும். போகிறவர்கள் கைக்குட்டை வைத்துக்கொள்ளுங்கள்.

என் மகன் ஜெரோம் சினிமாவில் உதவி இயக்குநர். க்ளாப் அடிப்பான், ஆள் குறைந்தால் நடிப்பான். அன்றுதான் முதன்முதலாக முகம் தெரிகிற வேஷம் என்று என்னைக் கூப்பிட்டிருந்தான்.

ஷூட்டிங் நடக்கிற முகத்துவாரத்துக்கு ஸ்டேஷனிலிருந்து மூன்று கிலோமீட்டர், ஆட்டோ நூறு ரூபாய். "ஷூட்டிங்காம்மா? நம்ம ஏரியான்னா கத்தி, ரத்தம், கலீஜு. இத்த வுட்டா வேற கதையே கெடிக்கலியா அவுங்களுக்கு?" என்றார் ஓட்டுநர்.

போய்ப் பார்த்தால், வேஷம் பிணம். சவப்பெட்டிக்குள் கிடந்தான். மூக்கில் பஞ்சு, விரல்களில் ஜெபமாலை. மாதாவைக் கூப்பிட்டுக்கொண்டே நின்றேன்.

சினிமாக்காரர்களிடம் ஒரு வழக்கம் உண்டு. பிணமாக நடித்தவர் எழுந்து கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். அதையும் படம் பிடித்தால்தான் கெட்டது விலகும். போன வாரம் ஹீரோ சாகிற காட்சி எடுத்தபோது, "சிரிங்க சார்" என்று சிரிக்க வைத்ததே ஜெரோம்தான். அது அவன் வேலை.

"கட்!" என்றார் டைரக்டர். "ஜெரோம், எந்திரி. வெளிச்சம் போகுது, க்ளாப்ப எடு." பஞ்சைப் பிடுங்கி எறிந்துவிட்டு ஓடினான்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "சார், எம்புள்ள இன்னும் சிரிக்கல."

"நீ யாரும்மா? அவன் நம்ம அசிஸ்டென்ட்டு. அவனுக்கெல்லாம் எதுக்கு?"

"ஹீரோவுக்குன்னா உசுரு, எம்புள்ளைக்கின்னா இன்னா மசுரா?"

எல்லோரும் சிரித்தார்கள், என் மகனைத் தவிர. "யம்மா, மானத்த வாங்காத, போ" என்றான்.

போகவில்லை. இருட்டும்வரை மணலில் உட்கார்ந்திருந்து, அவனைக் கூட்டிக்கொண்டுதான் ரயிலேறினேன். கதிவாக்கம் வருவதற்குள் தூங்கிவிட்டான். முகத்தில் அந்த வெள்ளைப் பவுடர். பெட்டிக்குள் பார்த்த அதே முகம். பிடித்து உலுக்கினேன்.

"இன்னாம்மா?"

"சிரிடா." செல்லை நீட்டினேன்.

முறைத்தான். அப்புறம், "ஃபோனப் படுக்க வெச்சிப் புடி. நவுரு, லைட்ட மறைக்கிற" என்றான். தானே "ஆக்‌ஷன்" சொல்லிக்கொண்டு சிரித்தான்.

என் செல்லில் சிரிக்கிறான். அவர்களுடைய பெரிய கேமராவில் இன்னும் செத்தவனாகவே கிடக்கிறான். ஞாயிறு பூசையில், தீமை செய்தவர்களை மன்னிக்கிறோம் என்று எல்லோரும் சேர்ந்து சொல்லுகிற இடம் வரும்போது, நான் மட்டும் வாயை மூடிக்கொள்கிறேன்.