கட்சிச் சாயல் இல்லாத புடவை

உள்ளாட்சியில் பெண்களுக்கு இடம் ஒதுக்கப்பட்ட முதல் தேர்தலில், திருமுல்லைவாயிலில் எங்கள் வட்டத்துக்கு என் மனைவி எக்கட்சியும் சாராமல் நின்றார். தெருக்களுக்குக் குடிநீர்க் குழாய் வேண்டும் என்பதே அவர் முன்வைத்த கோரிக்கை. பள்ளியில் தமிழ் கற்பித்துவந்த எனக்குத் துண்டறிக்கை எழுதும் பணி வரும் என எண்ணியிருந்தேன். வந்ததோ புடவை தேர்ந்தெடுக்கும் பணி.

பீரோவைத் திறந்ததும் திகைத்தேன். சிவப்பு, பச்சை, காவி, நீலம் என எந்த நிறத்துக்கும் ஒரு கட்சி உரிமை கொண்டாடியது. வேட்டிக் கரையைக் கொண்டே ஒருவரின் வாக்கை அறிந்துவிடும் ஊர் அது. கரையற்ற வெள்ளை வேட்டி ஆணை நடுநிலையாளன் ஆக்குமெனில், கரையற்ற வெள்ளைப் புடவை பெண்ணையும் அவ்வாறே ஆக்கும் என்பது என் தருக்கம். அப்படியொரு பருத்திப் புடவையை வாங்கிவந்தேன். மனைவி அதைப் பிரித்துப் பார்த்தார். பிறகு உடுத்திக்கொண்டார்.

படைத்தளவாடத் தொழிற்சாலைப் பணியாளர்கள் வீடு கட்டிக் குடியேறியிருந்த புதுத்தெருக்களில் அன்று காலை வாக்குக் கேட்டுச் சென்றபோது நல்ல வரவேற்பு. பழைய ஊர்ப்பகுதிக்குள் நுழைந்தபோதுதான் ஆரத்தித் தட்டு சுழலாமல் நின்றது. தட்டேந்திய உழவர் குடும்பத்துப் பெண்மணி என் மனைவியை ஏற இறங்க நோக்கினார். அடுத்து என்னை நோக்கினார்.

“தாலி கீது, பொட்டு கீது. ஊட்டுக்காரரும் குத்துக்கல்லாட்டம் நிக்கறாரு. அப்பால இன்னாத்துக்கும்மா இந்த வெள்ள?”

நிறங்களின் அரசியலை நான் விளக்க முற்பட்டேன்.

“நீ சும்மா இரு வாத்தியாரே. உள்ள வாம்மா, மாத்திக்கினு போ.”

அவருடைய பூனம் புடவையொன்றை உடுத்தி என் மனைவி வெளியே வந்தார். எதிர்த்து நின்ற கட்சியின் கொடி நிறங்கள் இரண்டும் அதில் அப்படியே இருந்தன. அங்கிருந்த பெண்களுக்கோ அது வெறும் புடவை. தட்டு சுழன்றது, குலவையும் எழுந்தது.

அதே கோலத்தில் மாலையில் புதுத்தெருக்கள் வழியே திரும்பினோம். என் மனைவி அந்தக் கட்சியில் சேர்ந்துவிட்டாரா என்று இருவர் என்னைத் தனியே அழைத்துக் கேட்டனர். மறுத்தேன், அவர்கள் நம்பியதாகத் தெரியவில்லை. தோல்வி உறுதி என்று முடிவுகட்டினேன்.

மனைவி வென்றார்.

“எங்க புடவையக் கட்டிக்கினு வந்தவளுக்குப் போடாம யாருக்குப் போடுவோம்?” என்றார் அந்தப் பெண்மணி. தொழிற்சாலைப் பணியாளர் ஒருவர், அன்று காலை கண்ட வெள்ளைப் புடவையே தம் வீட்டு வாக்குகளைத் தீர்மானித்ததாகச் சொல்லிக் கைகுலுக்கினார். எதிரணித் தொண்டரோ, தம் கட்சிக்காரர்கள் சிலர் என் மனைவியைத் தங்கள் ஆள் என்றே கருதி வாக்களித்துவிட்டதாக நொந்துகொண்டார்.

மூவர் கூற்றையும் மனைவியிடம் சொல்லி, எதை நம்புவது என்று கேட்டேன்.

“ஜெயிச்சது போதாதா உங்களுக்கு?” என்றார் அவர்.

போதவில்லை. எதைக் கண்டு அவரைத் தேர்ந்தெடுத்தார்கள் என்பது எனக்கு இன்றளவும் விளங்கவில்லை.